செய்தி மூலையில் உடைந்த ஏரி

விடிந்ததும் நம் காலை நடைக் குழுவின் போஸ்ட்மாஸ்டர் போனில் ஒரு கதம்பம் அனுப்பிவிடுகிறார். ஒரு பறவை, ஒரு ராஜா, ஒரு செய்தி, ஒரு அதிசயம். நீங்கள் எல்லாரும் கைகூப்புகிற படத்தைப் போட்டு அவரைச் சந்தோஷப்படுத்துகிறீர்கள். நான் மட்டும் எதுவும் போடுவதில்லை என்று அவருக்கு மனக்குறை. "அவரு எழுத்துக் கூட்டிப் படிச்சு முடிக்கிறதுக்குள்ள மறுநாள் வந்துடும்" என்று பார்க் பெஞ்சில் உங்களில் ஒருவர் சொன்னதும் என் காதில் விழுந்தது.

சொன்னது பொய்யில்லை. நான் ஐந்தாம் வகுப்பைத் தாண்டாதவன். ஆனால் ஷிப்ட் விடுகிற நேரத்தில் ஒரகடம் ரோட்டில் நின்று பாருங்கள். வரிசையாகப் போகிற கம்பெனி பஸ்களில் பாதிக்கு மேல் என் பெயர் இருக்கும். பெரிய படிப்புப் படித்த பையன்கள் டெண்டர் பேச வந்து என் மேஜைக்கு முன்னால் உட்காரத் தயங்குகிறார்கள். ஒருவர் தோளில் ஏறி மேலே வந்தவன் இல்லை நான். இதைப் பெருமைக்காகச் சொல்லவில்லை என்று சொன்னால் நீங்கள் நம்பமாட்டீர்கள், பெருமைக்காகவும்தான் சொல்கிறேன்.

அந்தக் கதம்பம் எனக்கு ஏன் இறங்குவதில்லை என்பதை ஒருமுறை எழுதிவிடுகிறேன். என் ஆபீஸ் பெண் பிழை மட்டும் திருத்தியிருக்கிறாள். அதற்கப்புறம் யாரும் என்னிடம் இதைக் கேட்க வேண்டாம்.

சேரப்பணஞ்சேரியிலிருந்து மணிமங்கலம் பக்கமாகப் போகிற வழியில் எங்கள் ஊர். இப்போது போனால் ஊரைத் தேட வேண்டும். கார் ஏற்றுகிற பெரிய லாரிகள்தான் முதலில் கண்ணில் படும். அன்றைக்கு ஏரிதான் முதலில் தெரியும். ஏரிக்கரைக்குப் போகிற பாதையில் பஞ்சாயத்து ரேடியோ ரூம். மாட்டை ஓட்டிக்கொண்டு போகிறவர், நாற்று பறிக்கப் போகிற பெண்கள், துணி துவைக்கப் போகிறவர்கள், எல்லாரும் விடியற்காலையில் அந்தச் சுவரைத் தாண்டித்தான் போக வேண்டும்.

பள்ளிக்கூடத்துக்குப் புதிதாக வந்த வாத்தியார் அந்தச் சுவரில், மழை படாமல் கூரை இறங்கிய பக்கமாக, ஒரு கதவளவு இடத்துக்கு சிமென்ட் பூச வைத்தார். கரியையும் கோவை இலையையும் அரைத்து நாங்கள் பிள்ளைகள் அதன்மேல் தேய்த்தோம். ஒரு வாரம் கை பச்சையாகவும் கறுப்பாகவும் இருந்தது. சோற்றில் கூட அந்த இலை வாசனை. பலகை காய்ந்ததும் வாத்தியார் அதை நான்காகக் கோடு கிழித்தார். மேலே இடது மூலை இயற்கை, வலது மூலை வரலாறு. கீழே இடது மூலை செய்தி, வலது மூலை அதிசயம். ஊரே தினமும் நாலு விஷயம் தெரிந்துகொள்ள வேண்டும் என்பது அவர் ஆசை.

எழுதும் வேலையை என் அக்காவிடம் கொடுத்தார். எட்டாவது படித்துக்கொண்டிருந்தாள். அவள் கையெழுத்து அச்சில் வார்த்த மாதிரி இருக்கும். வாத்தியார் சாயந்தரம் நாலு விஷயம் சொல்வார். செய்தி மட்டும் ரேடியோவிலிருந்து. விடிவதற்குள் அக்கா போய் எழுதிவிடுவாள்.

ஊரில் பாதிப் பேருக்குப் படிக்கத் தெரியாது. எங்கள் அப்பாவுக்கும் தெரியாது. அதனால் அக்கா தானாகவே ஒன்று செய்தாள். ஒவ்வொரு மூலையிலும் ஒரு படம் போட்டாள். இயற்கை என்றால் அந்தப் பறவையோ பூச்சியோ. வரலாறு என்றால் ராஜாவின் தலை, அதன் மேல் ஒரு கிரீடம். செய்தி என்றால் என்ன நடந்ததோ அது. கொஞ்ச நாளிலேயே படிக்கத் தெரிந்தவர்கள்கூட எழுத்தை விட்டுவிட்டுப் படத்தைப் பார்த்துப் பேசிக்கொண்டு போக ஆரம்பித்தார்கள்.

பல்லவ ராஜாவும் சாளுக்கிய ராஜாவும் மணிமங்கலத்தில் மோதிக்கொண்டார்கள் என்று ஒருநாள் எழுதியிருந்தது. ஏர் கட்டப் போன ஒருவர் கலப்பையை இறக்கி வைத்துவிட்டு அப்பாவிடம் கேட்டார்.

"மணிமங்கலத்துல இன்னா கீதுன்னு அங்க வந்து சண்ட போட்டானுங்க?"

"அன்னைக்கு இன்னா இருந்துச்சோ. ராஜாவக் கேளு."

"உன் பொண்ணக் கேக்கறேன். அவதானே ரெண்டு ராஜாவுக்கும் மீசை போட்டுக்கீறா."

நத்தைகுத்தி நாரையின் மூக்கு நடுவில் மூடவே மூடாது என்று எழுதிய அன்று, பத்துப் பேர் ஏரிக்குள் இறங்கி நின்று நாரையையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒட்டகச்சிவிங்கிக்கும் நமக்கும் கழுத்தில் ஏழே எலும்புதான் என்று எழுதிய அன்று, பெரியப்பா தன் கழுத்தைத் தடவித் தடவி எண்ணினார். அவர்தான் அப்போது ஊருக்குப் பெரியவர். "எனக்கு அஞ்சுதான் தட்டுது" என்றார். பின்னால் நின்ற யாரோ, "மீதி ரெண்ட பெரியம்மா ஒடச்சிட்டாங்க" என்றார்கள்.

அப்பா இதையெல்லாம் கேட்டுக்கொண்டு மீசைக்குள் சிரிப்பார். அக்காவை எங்கும் புகழ்ந்து பேசியதில்லை. ஆனால் விடியற்காலையில் கரைக்குப் போகும்போது மற்றவர்களைவிட அதிக நேரம் அந்தச் சுவர் முன்னால் நிற்பார். வருகிற கோடை லீவு முடிந்ததும் அக்காவைப் படப்பை ஹைஸ்கூலில் சேர்க்க வேண்டும் என்று வாத்தியார் வீட்டுக்கே வந்து கேட்டார். எங்கள் தெருவில் எந்தப் பெண்ணும் வயசுக்கு வந்தபின் ஊர் எல்லையைத் தாண்டிப் படித்ததில்லை. அம்மா அடுப்படியிலிருந்து தலையை ஆட்டினாள், வேண்டாமென்று. அப்பா அடுப்படிப் பக்கம் பார்க்காமல், "படிக்கட்டும் சார். அவளுக்குத் தல இருக்குது" என்றார்.

அன்று ராத்திரி அக்கா சாப்பிடவே இல்லை. வயிறு நிறைந்துவிட்டது என்றாள்.

ஏரியைப் பற்றி ஒரு விஷயம் சொல்ல வேண்டும். உங்களில் பலர் குழாய்த் தண்ணீர்க்காரர்கள். எங்கள் ஏரிக்கு மேலே ஒரு ஏரி, அதை மேல ஏரி என்போம். அது நிறைந்து வழிவது எங்களுக்கு வரும். எங்களுடையது நிறைந்தால் கலங்கல் வழியாகக் கீழே போகும். கலங்கல் என்பது கரையில் தாழ்வாகக் கட்டிய கல் சுவர். அதன்மேல் வரிசையாகக் கல் தூண்கள். ஐப்பசியில் அந்தத் தூண்களுக்கு நடுவே பனம்பலகை வைத்து, வைக்கோலும் களிமண்ணும் மிதித்து அடைத்துவிடுவோம். அப்படி அடைத்தால் முழங்கால் அளவு தண்ணீர் கூடுதலாக நிற்கும். அந்த முழங்கால் தண்ணீரில்தான் சம்பாவுக்கு அப்புறம் நவரைப் பயிர். நவரை இருந்தால் கோடையில் எல்லார் வீட்டிலும் உலை கொதிக்கும்.

கலங்கலை அடைப்பதும் பிரிப்பதும் எங்கள் அப்பாவின் பொறுப்பு. மேல ஏரி உடைந்துவிட்டால் உடனே அடைப்பைப் பிரித்தாக வேண்டும். இல்லாவிட்டால் வருகிற வெள்ளம் எங்கள் கரையையும் சேர்த்துக் கொண்டுபோய்விடும். ஆனால் பிரிப்பதற்கு முன்னால் ஒரு ஆள் மேல ஏரிவரைக்கும் போய்க் கண்ணால் பார்த்துவிட்டு வர வேண்டும். அது ஊர் வழக்கம். யாரை அனுப்புவது என்பதும் அப்பாவின் பொறுப்புதான்.

அந்த வருஷம் தீபாவளிக்கு வாத்தியார் தன் ஊருக்குப் போய்விட்டார். போகும்போது, "நான் வர்ற வரைக்கும் நீயே விஷயம் தேடி எழுதும்மா" என்று அக்காவிடம் சாக்பீஸ் டப்பாவைக் கொடுத்தார். அவள் அதைத் தலைமாட்டில் வைத்துக்கொண்டு தூங்கினாள்.

மழை பிடித்துக்கொண்டது. விடாத மழை. சுவர் எல்லாம் ஊறி, வீட்டுக்குள் ஈர மாட்டுச்சாண வாசனை. ஏரி கலங்கல் அடைப்பைத் தொட்டுக்கொண்டு நின்றது. ஊரே அதைப் பார்த்துக் குளிர்ந்துபோயிருந்தது. அக்கா இயற்கைக்குத் தவளையை எழுதினாள். அதிசயத்துக்கு மூன்று இதயம் உள்ள ஒரு கடல் பிராணி. வாத்தியார் எப்போதோ சொன்னது. வரலாற்றுக்கு யாரைக் கேட்பது என்று தெரியாமல் கோயில் பூசாரியைக் கேட்டாள். அவர் தன் அப்பா காலத்தில் ஒரு ஐப்பசியில் மேல ஏரி உடைந்த கதையைச் சொன்னார். கரையில் முதலில் எலி வளை அளவு ஓட்டை, பிறகு ஒரு மாட்டு வண்டி போகிற அளவு, பிறகு கரையே இல்லை. அக்கா வாயைப் பிளந்து கேட்டாள். நானும் பக்கத்தில்தான் இருந்தேன்.

செய்திக்கு ரேடியோ ரூமுக்குப் போனோம். மழையில் ரேடியோ வெறுமனே இரைந்தது. ஒரு வார்த்தைகூடப் புரியவில்லை.

"செய்தி மூலை காலியா இருக்குதே அக்கா" என்றேன்.

"இருக்கட்டும்டா. ஏரியப் பெருசாப் போடலாம். வரலாறு மூலையில ஆரம்பிச்சா தண்ணி சரிஞ்சு இங்க வந்து விழும்."

அப்படித்தான் போட்டாள். என் வாழ்க்கையில் எத்தனையோ படம் பார்த்திருக்கிறேன். என் வீட்டு ஹாலில் மாட்டியிருக்கிற பெயின்டிங்கின் விலையைக் கேட்டால் நீங்கள் மயங்கி விழுவீர்கள். அந்தக் கரிச் சுவரில் அவள் போட்ட ஏரி மாதிரி ஒன்றைப் பார்த்ததில்லை. வலது மேல் மூலையில் கரை பிளந்து, வெள்ளை வெள்ளையாகத் தண்ணீர் குதித்து, குறுக்கே வந்து, செய்தி மூலை முழுவதும் நுரைத்து நின்றது. ஒரு பசு அதில் கழுத்தளவில் நின்றது. மேலே அழகாக எழுதினாள்: அந்தக் காலத்தில் ஒரு ஐப்பசியில் மேல ஏரி உடைந்தது.

கிரீடம் போடவில்லை.

மறுநாள் காலையில் கண் விழித்ததே சத்தத்தில்தான். தெருவில் ஓடுகிறார்கள். "மேல ஏரி ஒடஞ்சிடுச்சாம், பலகையில போட்டுக்கீது" என்று ஒருவர் கத்திக்கொண்டு போனார். நாற்று பறிக்கப் போன பெண்கள்தான் முதலில் பார்த்திருக்கிறார்கள். செய்தி மூலையில் வெள்ளம். ராஜாவும் இல்லை, கிரீடமும் இல்லை. அவர்கள் வேறு என்ன நினைப்பார்கள்? பூசாரி சொன்ன கதை திரும்ப நடந்துவிட்டது என்று நானே நினைத்தேன்; அக்கா அதற்கு முன்பே மாட்டுக்குப் புல் அறுக்கப் போயிருந்தாள்.

அப்பா கோணியைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு ஓடினார். சுவர் முன்னால் நின்று பார்த்தார். பக்கத்தில் இருந்த ஆள், "மேல ஏரிக்கு ஒருத்தன அனுப்பலாமா?" என்று கேட்டது எனக்கு இப்போதும் கேட்கிறது. அப்பா சுவரையே பார்த்துக்கொண்டு, "என் பொண்ணு போட்டா சரியாத்தான் இருக்கும். போயி வர்றதுக்குள்ள கரை போயிடும்" என்றார். அப்புறம் கலங்கலை நோக்கி நடந்தார்.

பத்து மண்வெட்டி, கடப்பாரை. பலகையை நெம்பியதும் ஏரி ஒரு பெரிய மூச்சு விட்ட மாதிரி சத்தம். மிதித்து வைத்த களிமண் கட்டி கட்டியாகப் பெயர்ந்து போனது. அந்தச் சேற்றின் வாசனை இன்னும் மூக்கில் இருக்கிறது. கீழே ஓடையில் விரால் துள்ளியது. நாங்கள் பிள்ளைகள் வேட்டியையும் பாவாடையையும் விரித்துப் பிடித்தோம். அக்காவும் அங்கே வந்தாள். என்ன நடக்கிறது என்று யாரையோ கேட்டாள். அவர் சொன்னார். அவள் முகத்தை நான் பார்த்தேன். என் கையில் இருந்த விரால் நழுவிப் போனது.

அவள் அப்பாவிடம் ஓடினாள். தண்ணீர்ச் சத்தத்தில் அவள் கத்தியது யாருக்கும் விழவில்லை. அப்பாவின் கையைப் பிடித்து இழுத்தாள். அவர் குனிந்தார். அவள் காதருகே சொன்னாள். அவர் நிமிர்ந்து தண்ணீரைப் பார்த்தார். அப்போது எல்லாப் பலகையும் போய்விட்டிருந்தது.

அதற்கப்புறம்தான் சைக்கிளில் ஒருவர் மேல ஏரிக்குப் போனார். மத்தியானம் நனைந்துகொண்டே திரும்பி வந்தார். "கரை கல்லு மாதிரி நிக்குது" என்றார், அவ்வளவுதான். சாயந்தரம் மழை விட்டது. அந்த வருஷம் திரும்ப வரவில்லை.

ரேடியோ ரூம் வாசலில் ஊர் கூடியது. பலகையில் ஏரி இன்னும் உடைந்துகொண்டிருந்தது. அழிக்க யாருக்கும் தோன்றவில்லை. பெரியப்பா ஆரம்பித்தார்.

"யாரு பிரிக்கச் சொன்னது?"

"பலகையில போட்டிருந்துச்சு" என்றார் அப்பா.

பூசாரி முந்திக்கொண்டார். "நா எங்கப்பா காலத்துக் கதையச் சொன்னேன். கொயந்த ஆசையாக் கேட்டுச்சேன்னு. எம்மேல இன்னா தப்பு?"

அக்காவைக் கூப்பிட்டார்கள். அவள் வந்து நின்று, எழுதியிருந்ததை ஒரு எழுத்து விடாமல் சத்தமாகப் படித்தாள். "அந்தக் காலத்தில்னு போட்டிருக்கேன் பெரியப்பா. எழுத்து சரியாத்தான் இருக்குது."

"எயுத்த யாருடி படிச்சா? நாங்க பொம்மையத்தானே பாத்தோம்" என்றாள் நாற்றுக்காரப் பெண் ஒருத்தி.

"அந்தக் காலத்துக் கதைன்னா கிரீடம் போடுவியே, அது எங்க?" என்று கேட்டார் பெரியப்பா.

அக்கா கொஞ்சம் யோசித்தாள். அவள் நியாயம் அவளுக்கு. "இதுல ராஜா யாரும் இல்லையே பெரியப்பா. அதான் போடல."

கூட்டம் சிரித்தது. இருந்த எரிச்சலில் எதற்காவது சிரிக்க வேண்டியிருந்தது. அந்தச் சிரிப்பில் அப்பாவின் முகம் மாறிப்போனதைப் பார்த்தேன். எழுந்து நின்றார்.

"பொட்டப் புள்ளைய எயுத வுட்டது என் தப்பு. இனிமே எயுத மாட்டா. பள்ளிக்கூடமும் போவ மாட்டா. போதுமா?"

பள்ளிக்கூடத்தைப் பற்றி அங்கே யாரும் பேசவே இல்லை. அவராகவே கொண்டுவந்து வைத்தார். ஊரும் எடுத்துக்கொண்டது. ஒரு நஷ்டத்துக்கு ஒரு தண்டனை வேண்டியிருந்தது, கிடைத்துவிட்டது. கலைந்து போனார்கள்.

இன்றைக்கு என் பஸ் ஒன்று பிரேக் பிடிக்காமல் போனால் நான் கேட்கிற முதல் கேள்வி, வண்டி வெளியே போகும் முன் யார் பார்த்தது என்பதுதான். படிக்காத எனக்கே அது தெரிகிறது. அன்றைக்கு அத்தனை பெரியவர்களில் ஒருவர்கூட, மேல ஏரிக்கு ஏன் ஆள் அனுப்பவில்லை என்று அப்பாவைக் கேட்கவில்லை. அனுப்பலாமா என்று கேட்ட ஆளும் வாயை மூடிக்கொண்டார். அப்பாவுக்கு அது தெரியும். சாகும்வரை தெரியும் என்றுதான் நினைக்கிறேன். அதற்கப்புறம் அக்காவின் முகத்தைப் பார்த்து அவர் பேசியதே இல்லை. கோபம் என்று அம்மா நினைத்தாள். நானும் ரொம்ப வருஷம் அப்படித்தான் நினைத்தேன்.

அன்று இருட்டுவதற்குள் அக்கா ஒரு வாளித் தண்ணீரும் வைக்கோல் பிரியும் எடுத்துக்கொண்டு போய்ப் பலகையைக் கழுவினாள். கழுவிய தண்ணீர் பால் மாதிரி வெளுத்து அவள் காலடியில் ஓடியது.

வாத்தியார் லீவு முடிந்து வந்தார். வீட்டுக்கு வந்தார். உட்காரச் சொல்லி யாரும் சொல்லவில்லை.

"தப்பு என்மேல. நான் சொல்லிக் குடுத்த முறைதான் சரியில்ல. பொண்ணப் படிக்க அனுப்புங்க."

"உங்க பலக உங்களோட இருக்கட்டும் சார்" என்றார் அப்பா. "எம் பொண்ணு எங்களோட இருக்கட்டும்."

வாத்தியார் வாசலைப் பார்த்துத் திரும்பினார். இன்னும் இரண்டு வார்த்தை பேசியிருக்கலாம். கதவுக்குப் பின்னால் அக்கா நின்றுகொண்டிருந்தாள், அவர் பேசுவார் என்று. அவர் செருப்பைப் போட்டுக்கொண்ட சத்தம்தான் வந்தது. அடுத்த வருஷம் மாற்றல் வாங்கிக்கொண்டு போய்விட்டார். பலகைக்குச் சுண்ணாம்பு அடித்தார்கள். மழைக்காலத்தில் கறுப்பு கொஞ்சம் தெரியும்.

நவரை இல்லை. கடைமடை வயல்களில் சம்பாவும் பால் பிடிக்காமல் பதராய்ப் போனது. மாடுகளை விற்றார்கள். பாதி ஊர் செங்கல் சூளைக்குப் போனது. என்னையும் பள்ளிக்கூடத்திலிருந்து நிறுத்திப் பல்லாவரம் பக்கம் கல் குவாரிக்கு அனுப்பினார்கள். அங்கே லாரியைப் பார்த்தேன், கிளீனரானேன், டிரைவரானேன், முதலாளியானேன். அந்தக் கதையை நீங்கள் பலமுறை கேட்டிருக்கிறீர்கள். ஏரி நிரம்பியிருந்தால் நான் இன்றைக்கு யார் என்று எனக்குத் தெரியாது. அக்கா யார் என்பதைத்தான் அடிக்கடி நினைக்கிறேன்.

அவளைப் பிள்ளைப்பாக்கத்தில் கொடுத்தார்கள். நல்ல மனுஷர்தான் மாமா; படிப்பு மட்டும் இல்லை. அந்த வீட்டில் ஒரு காலண்டர்கூட அவள் மாட்டியதில்லை. நாற்று நட்டாள், சூளையில் கல் சுமந்தாள், பிள்ளைகளை வளர்த்தாள். பிள்ளைகள் பள்ளிக்கூடத்திலிருந்து வந்து எதையாவது படித்துக் காட்டினால் கேட்டுக்கொள்வாளாம். கையில் வாங்கிப் பார்க்க மாட்டாளாம்.

மாமா போனபின் நிலம் அக்கா பெயருக்கு வந்தது. சுற்றிலும் கம்பெனிச் சுவர் எழும்பிவிட்டது. பயிர் வைக்க வழியில்லை. சென்ற தை மாதம் விற்றோம். பேரம் பேசியது நான்தான். அக்கம்பக்கத்தில் யாருக்கும் அந்த விலை வரவில்லை. பத்திரம் பதிய என் காரிலேயே அவளைக் கூட்டிப் போனேன். ஏசியைப் போடட்டுமா என்றால், "குளுருதுடா" என்றாள்.

பதிவு ஆபீசில் சின்னப் பெண் ஒருத்தி மெஷினுக்கு முன்னால் உட்கார்ந்திருந்தாள்.

"ஆயா, கையெழுத்தா, ரேகையா?"

"ரேகைம்மா."

"அக்கா, கையெழுத்தே போடேன்" என்றேன். அவள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. முந்தானையில் கட்டைவிரலைத் துடைத்துக்கொண்டு கண்ணாடிமேல் வைத்தாள். மெஷின் ஏற்கவில்லை. அந்தப் பெண் ஈரத் துணியால் துடைத்து மறுபடி வைக்கச் சொன்னாள். அப்போதும் இல்லை. அக்காவின் விரலைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்தாள். களையும் செங்கல்லும் தேய்த்த விரல்.

"ரேகையே இல்ல ஆயா, மழுமழுன்னு கீது. எழுதத் தெரியுமா? பேரு மட்டும் எழுதினாப் போதும்."

"தெரியாதும்மா" என்றாள் அக்கா.

அந்தப் பெண் நிச்சயப்படுத்திக்கொள்ள என்னைப் பார்த்தாள். நான் அக்காவைப் பார்த்தேன். அவள் கையை நீட்டியபடியே இருந்தாள்.

"தெரியாது" என்று நானும் சொன்னேன்.